பூட்டை யார் திறக்கலாம்? பிஎஸ்பி ஹோம்ப்ரூ வரலாறு: சில குறிப்புகள்

2005 மே மாதம். சோனியின் பிஎஸ்பி ஜப்பானில் விற்பனைக்கு வந்து (2004 டிசம்பர் 12) ஐந்து மாதம்தான் ஆகியிருந்தது. ‘நெம்’ என்ற புனைபெயரில் ஒருவர் அந்தக் கையடக்க கன்சோலின் திரையில் ‘ஹலோ வேர்ல்ட்’ என்று இரண்டே வார்த்தையை வரவழைத்துக் காட்டினார். என்னைப் போல பி.இ. முடித்து கோட் எழுதிப் பிழைக்கிறவர்களுக்கு ஹலோ வேர்ல்ட் என்பது முதல் நாள் முதல் பாடம், பெரிய வித்தை ஒன்றும் இல்லை. ஆனால் இந்த ஹலோ வேர்ல்ட் சோனியிடம் அனுமதி வாங்காமல் சோனியின் இயந்திரத்தில் ஓடியது. அடுத்த பத்துப் பதினைந்து வருஷம் நடந்த பூட்டு–சாவி விளையாட்டு அங்கேதான் ஆரம்பம்.

இந்த விஷயத்தை நான் நோண்ட ஆரம்பித்ததற்குக் காரணம் வீட்டில் கிடந்த ஒரு பிஎஸ்பி. திருச்சியில் ஒரு தலைமுறைக்கே எலக்ட்ரானிக்ஸ் சாமான் என்றால் அது சிங்கப்பூரிலிருந்து பெட்டியில் வரும் சாமான்தான். ஏர்போர்ட்டில் இறங்குகிறவர் கையில் கோடாலி தைலமும் சாக்லேட்டும் இருக்கும், கொஞ்சம் வசதியானவர் என்றால் கேமராவோ கேம் செட்டோ இருக்கும். அக்கா வீட்டுக்காரர் அங்கே வேலையில் இருந்தபோது வாங்கியது இந்த பிஎஸ்பி. கொஞ்ச நாள் நானும் இரவல் வாங்கி மலைக்கோட்டை எக்ஸ்பிரஸ் அப்பர் பெர்த்தில் படுத்துக்கொண்டு விளையாடியிருக்கிறேன். அப்புறம் அது ஸ்ரீரங்கம் வீட்டு அலமாரியில் பத்து வருஷத்துக்கு மேல் தூங்கியது. இப்போது காலேஜ் போகும் அக்கா பையன் அதைக் கண்டுபிடித்து, “மாமா, இதுல ஹோம்ப்ரூ போட்டு கேமெல்லாம் ஒழுங்கா அடுக்கித் தர்றியா?” என்று கேட்டான். போடுவதற்கு முன்னால் இது எங்கிருந்து வந்தது என்று படிக்க உட்கார்ந்தேன். வேலை பத்து நிமிஷம், படிப்பு ஒரு மாசம். நம்ம வழக்கம் அப்படி.

முதலில் பெயர். ஹோம்ப்ரூ என்றால் வீட்டில் காய்ச்சியது. கம்ப்யூட்டர் உலகில் இந்த வார்த்தைக்குப் பெருமை தந்தது 1975 மார்ச்சில் கலிஃபோர்னியாவின் மென்லோ பார்க்கில் ஒரு கார் ஷெட்டில் கூடிய ஹோம்ப்ரூ கம்ப்யூட்டர் கிளப். ஸ்டீவ் வாஸ்னியாக் ஆப்பிள் கம்ப்யூட்டரைக் கொண்டுபோய்க் காட்டியது அந்தக் கூட்டத்தில்தான். அடுத்த வருஷமே, 1976 பிப்ரவரியில், பில் கேட்ஸ் இந்த மாதிரி பொழுதுபோக்கு ஆட்களுக்கு ஒரு பகிரங்கக் கடிதம் எழுதினார்: எங்கள் பேசிக் மென்பொருளைக் காசு கொடுக்காமல் காப்பி அடிக்கிறீர்கள் என்று. தானே செய்து பார்க்கும் ஆர்வமும் ஓசியில் எடுத்துக்கொள்ளும் பழக்கமும் ஒரே அறையில் உட்கார்ந்திருந்ததை அன்றைக்கே பார்க்கலாம். பிஎஸ்பி கதையிலும் இந்த இரண்டு பேரும் கடைசிவரை கூடவே வருகிறார்கள்.

இனி தொழில்நுட்பம். பிஎஸ்பி அந்தக் காலத்துக்குக் குட்டி ராட்சசன்: 333 மெகாஹெர்ட்ஸ் வரை ஓடக்கூடிய மிப்ஸ் பிராசஸர், 32 எம்பி ராம், 480×272 திரை. கேம்கள் யுஎம்டி என்ற சின்ன வட்டில் வரும், 1.8 ஜிபி பிடிக்கும். சேவ் கோப்புகளுக்கு மெமரி ஸ்டிக். பூட்டு எங்கே என்றால், இயந்திரம் எந்த நிரலை ஓட்டுவதற்கு முன்பும் அதில் சோனியின் டிஜிட்டல் கையெழுத்து இருக்கிறதா என்று பார்க்கும். இருந்தால் ஓட்டும், இல்லாவிட்டால் ஓட்டாது. ஆனால் ஜப்பானில் முதலில் வந்த 1.00 ஃபர்ம்வேரில் மெமரி ஸ்டிக்கில் உள்ள நிரல்களுக்கு இந்தச் சோதனையே இல்லை. வாசலில் செக்யூரிட்டி வைத்துவிட்டுப் பின்கதவைத் திறந்து போட்ட மாதிரி. நெம் உள்ளே போனது அந்த வழியாகத்தான்.

அமெரிக்காவில் வந்த 1.50இல் கதவைச் சாத்திவிட்டார்கள். அதற்கு ஜூன் மாதமே பதில் வந்தது. கேஎக்ஸ்ப்ளாய்ட் என்று பெயர். முதல் வடிவம் படு தமாஷ்: இரண்டு மெமரி ஸ்டிக் வைத்துக்கொண்டு சரியான நொடியில் ஒன்றை உருவி இன்னொன்றைச் செருக வேண்டும். கொஞ்ச நாளில் அதுவும் தேவையில்லாமல் போனது. ஒரே பெயரில் இரண்டு ஃபோல்டர், ஒன்றின் பெயர் முடிவில் மட்டும் ‘%’ குறி. இந்தக் குறியால் ஃபர்ம்வேர் குழம்பி, ஒரு ஃபோல்டரில் இருப்பதைச் சரிபார்த்துவிட்டு இன்னொன்றில் இருப்பதை ஓட்டியது. கோடிக்கணக்கில் செலவழித்த பூட்டு ஒரு சதவீதக் குறியில் திறந்துவிட்டது. ஸ்ட்ரிங் கையாளும் கோடில் இப்படி ஒரு பக் விட்டதற்காக ராத்திரி ஆஃபீஸில் உட்கார்ந்தவன் என்பதால், சோனியின் அந்த இன்ஜினியர் மேல் எனக்குப் பரிதாபம்தான் வந்தது.

அதற்கப்புறம் சோனி ஒரு ஃபர்ம்வேர் விடும், அதில் ஏதாவது ஆசை காட்டும். எதிர்த்தரப்பு அதில் ஓட்டை கண்டுபிடிக்கும். 2005 ஜூலையில் வந்த 2.00இல் இணைய பிரவுசரும் வால்பேப்பர் வசதியும் இருந்தன. செப்டம்பரில் ஒரு டிஃப் படக்கோப்பைத் திறக்க வைத்து, பஃபர் ஓவர்ஃப்ளோ மூலம் உள்ளே போய், இயந்திரத்தைப் பழைய 1.50க்கே இறக்கும் கருவி வந்தது. அடுத்த மாதமே அந்தக் கருவி மாதிரி வேஷம் போட்ட ஒரு ட்ரோஜனும் வந்தது. நம்பி ஓட்டியவர்களின் பிஎஸ்பி செங்கல் ஆனது. கேம் கன்சோலுக்கு வந்த முதல் ட்ரோஜன் என்று சைமன்டெக் அதை எச்சரித்தது. பூட்டை உடைக்கத் தெரிந்தவர்கள் எல்லோரும் நல்லவர்கள் என்று யாரும் சொல்லவில்லை.

எனக்கு ரொம்பப் பிடித்தது 2007 கதைகள். ஜூனில் ‘லூமினஸ்’ என்ற புதிர் விளையாட்டின் சேவ் கோப்பு வழியாக 3.50 ஃபர்ம்வேர் திறந்தது. அது பிஎஸ்பியோடு சேர்ந்தே பிறந்த பழைய கேம். ஒரே வாரத்தில் அமேசானில் அதன் விற்பனை எகிறியது. பூட்டைத் திறக்க ஜனங்கள் காசு கொடுத்து அசல் வட்டு வாங்கினார்கள்! இதே மாதிரி 2014 நவம்பரிலும் நடந்தது. நிண்டெண்டோ த்ரீடிஎஸ்ஸை ‘கியூபிக் நிஞ்சா’ என்ற, யாரும் சீண்டாத கேம் வழியாகத் திறக்கலாம் என்று ஸ்மியா என்பவர் அறிவித்ததும் அதன் விலை பல மடங்கு ஆனது.

இரண்டாவது, பண்டோராவின் பேட்டரி. 2007 ஆகஸ்ட். சோனியின் சர்வீஸ் சென்டர்காரர்கள் பழுதான பிஎஸ்பியை எப்படி உயிர்ப்பிக்கிறார்கள் என்று ஆராய்ந்ததில் ரகசியம் பேட்டரியில் இருந்தது. பேட்டரிக்குள் ஒரு சின்ன நினைவகம், அதில் ஒரு சீரியல் எண். அந்த எண்ணின் எல்லா பிட்டையும் 1 ஆக மாற்றிவிட்டால், பிஎஸ்பி தன் உள் நினைவகத்தை விட்டுவிட்டு நேராக மெமரி ஸ்டிக்கிலிருந்து பூட் ஆகும். சர்வீஸ் மோடு. எந்த ஃபர்ம்வேராக இருந்தாலும் கவலையில்லை, செங்கல் ஆனதும் எழுந்து உட்காரும். மென்பொருள் பூட்டை அல்லும் பகலும் கட்டியவர்கள் அதன் சாவியை பேட்டரியில் வைத்திருந்தார்கள். புது மதர்போர்டுகளிலும், 2008 அக்டோபரில் வந்த பிஎஸ்பி-3000இலும் சோனி இதை அடைத்துவிட்டது.

இந்தக் காலத்தின் நாயகன் டார்க் அலெக்ஸ் என்ற ஸ்பெயின்காரர். தனித்தனி ஓட்டை வழியாக ஒவ்வொரு நிரலையும் நுழைப்பதற்குப் பதில், சோனியின் ஃபர்ம்வேரையே எடுத்து, பூட்டை மட்டும் கழற்றி, மற்ற வசதிகளோடு திரும்பக் கொடுத்தார். கஸ்டம் ஃபர்ம்வேர், சுருக்கமாக சிஎஃப்டபிள்யூ. 2006 நவம்பரில் சோனி தன் 3.00 ஃபர்ம்வேரில் பழைய பிளேஸ்டேஷன் கேம்களை பிஎஸ்பியில் விளையாடும் வசதி தந்தது, சோனி விற்பதை மட்டும். சில வாரங்களில் அலெக்ஸின் ஃபர்ம்வேரில் நம்மிடம் இருக்கும் பழைய வட்டையே மாற்றிப் போட்டு ஓட்ட முடிந்தது. இன்னொன்று: சோனி 333 மெகாஹெர்ட்ஸ் பிராசஸரை கேம்களுக்கு 222இல் மட்டும் ஓடவிட்டிருந்தது. முழு வேகத்தை ஹோம்ப்ரூ ஆட்கள் முன்பே பயன்படுத்திக்கொண்டிருந்தார்கள். 2007இல்தான் அதிகாரபூர்வமாகத் திறந்துவிட்டார்கள்.

அந்த நாட்களில் வந்த நிரல்களின் பட்டியலைப் பார்த்தால் ஆச்சரியமாக இருக்கும். புக்கர் என்று ஒன்று, பிஎஸ்பியில் பிடிஎஃப் படிக்க. லுவா ப்ளேயர், அந்த மொழியில் நாலு வரி எழுதினால் கேம் ரெடி. எக்ஸோஃபேஸ் எழுதிய ஜிபிஎஸ்பி, கேம்பாய் அட்வான்ஸ் எமுலேட்டர். ஐஆர் ஷெல், கோப்புகளை நிர்வகிக்க. கேம் கேட்டகரிஸ் என்ற ப்ளக்இன், நீள வரிசையில் கொட்டிக் கிடக்கும் கேம்களைத் தனித்தனி ஃபோல்டராகப் பிரித்துக் காட்ட (அக்கா பையன் கேட்டது இதைத்தான்). தன் பொருளில் தனக்கு வேண்டிய வசதியைத் தானே செய்துகொண்டார்கள், அவ்வளவுதான். நம்ம ஊர்ப் பழைய கோயில் மண்டபங்கள் பலவற்றில் தரைக்கல்லில் ஆடுபுலி ஆட்டக் கட்டமும் பல்லாங்குழியும் செதுக்கி வைத்திருப்பதைப் பார்த்திருப்பீர்கள். மண்டபம் கட்டிய ராஜாவின் திட்டத்தில் அது இருந்திருக்குமா என்ன? நிழல் இருக்கிறது, கல் இருக்கிறது, பொழுது போகவில்லை.

சரி, இன்னொரு பக்கத்தையும் சொல்லிவிட வேண்டும். அதே கஸ்டம் ஃபர்ம்வேரில் யுஎம்டியின் நகலான ஐஎஸ்ஓ கோப்பும் ஓடும். அது நம் வட்டின் நகலா, நெட்டில் இறக்கியதா என்று இயந்திரத்துக்குத் தெரியாது. மெயின் கார்டு கேட், சிங்காரத்தோப்பு பக்கம் செல்போன் கடைகளில் அப்போது சர்வசாதாரணமாகக் கேட்கலாம்: “அண்ணே, சிஎஃப்டபிள்யூ போட்டு கார்டு ஃபுல்லா கேம் ஏத்தித் தர்றேன், வட்டே வாங்க வேண்டாம்.” இத்தனைக்கும் தமிழ்நாட்டில் திருட்டு விசிடி ஆட்களைக் குண்டர் சட்டத்தில் போடலாம் என்று 2004இலேயே திருத்தம் வந்தாயிற்று. அது சினிமாவுக்கு வந்த கோபம், கேம் பற்றி யாருக்கும் கவலையில்லை. மாதச் சம்பளக்காரர் வீட்டில் ஒரு அசல் யுஎம்டி என்பது யோசித்து வாங்க வேண்டிய விஷயம் என்பதும் உண்மை. ஆனால் அந்தக் கடைகளில் நடந்தது ஹோம்ப்ரூ இல்லை, வெறும் திருட்டு. ஏறக்குறைய 8 கோடி பிஎஸ்பி விற்ற சோனி, கேம் மட்டும் அந்த அளவுக்கு விற்கவில்லை என்று புலம்பியதில் நியாயம் இருக்கிறது.

ஹோம்ப்ரூ ஆட்களுக்குள்ளேயே இது பெரிய சண்டை. 2010இல் வந்த ஹாஃப் பைட் லோடர் ஒரு அருமையான உதாரணம். வோலோலோ, எம்0ஸ்கிட்0, டேவி முதலானவர்கள் செய்தது. ‘படபான் 2’ டெமோவில் இருந்த ஓட்டை வழியாகப் புதிய பிஎஸ்பிகளிலும் ஹோம்ப்ரூ ஓடியது, ஐஎஸ்ஓ மட்டும் ஓடாது. வீட்டில் காய்ச்சியது உண்டு, திருடியது கிடையாது. அந்தக் கோடு ரொம்ப நாள் நிற்கவில்லை. 2011 ஜனவரியில் பிளேஸ்டேஷன் 3 வழியாக பிஎஸ்பியின் கையெழுத்துச் சாவியே வெளியில் வந்தது. அதற்குப் பிறகு யார் வேண்டுமானாலும் சோனி போலவே கையெழுத்துப் போடலாம். பூட்டு என்ற கதை அங்கே முடிந்தது.

சட்டம் என்ன சொல்கிறது? நான் வக்கீல் இல்லை, சட்டத்தைப் படித்துப் புரிந்துகொண்டதை எழுதுகிறேன். அமெரிக்காவின் 1998 டிஎம்சிஏ சட்டத்தில் டிஜிட்டல் பூட்டை உடைப்பதே குற்றம், எதற்காக உடைத்தீர்கள் என்பது பிற்பாடு. செல்போனுக்கு 2010இல் விலக்கு கொடுத்தார்கள். கேம் கன்சோலுக்கும் கொடுங்கள் என்று கேட்டபோது 2012இல் மறுத்துவிட்டார்கள். நிண்டெண்டோ ஸ்விட்சை உடைக்கும் கருவி விற்ற டீம் எக்ஸிகியூட்டர் குழுவைச் சேர்ந்த கேரி பவுசருக்கு 2022இல் 40 மாதச் சிறை.

இந்தியாவில் அதே 2012இல் பதிப்புரிமைச் சட்டத்தில் 65ஏ என்ற பிரிவைச் சேர்த்தார்கள். இங்கேயும் பூட்டை உடைத்தால் இரண்டு வருஷம் வரை சிறை உண்டு. ஆனால் ‘உரிமையை மீறும் நோக்கத்தோடு’ உடைத்தால் என்ற வார்த்தைகளும் இருக்கின்றன. சட்டம் தடுக்காத ஒரு காரியத்துக்காகச் செய்தால் அது குற்றமில்லை என்றும் அந்தப் பிரிவே சொல்கிறது. அதோடு 52ஆம் பிரிவையும் சேர்த்துப் படிக்க வேண்டும்: நியாயமாக வாங்கிய கம்ப்யூட்டர் நிரலை வியாபார நோக்கமில்லாமல் சொந்த உபயோகத்துக்கு நகல் எடுக்கலாம், பாதுகாப்புக்காக ஒரு பிரதி வைத்துக்கொள்ளலாம். அமெரிக்கச் சட்டம் பூட்டைப் பார்க்கிறது, நம்முடையது பூட்டைத் திறந்தவனின் எண்ணத்தைப் பார்க்கிறது. எழுதியவரைப் பாராட்டத் தோன்றுகிறது, நான் அடிக்கடி அப்படிச் சொல்கிற ஆள் இல்லை.

இந்த வித்தியாசம் வெறும் ஏட்டுச் சுரைக்காய் இல்லை என்பது 2021இல் புரிந்தது. அந்த மார்ச்சில், பிஎஸ்3, பிஎஸ்பி, வீட்டா மூன்றுக்கும் ஆன்லைன் கடையை மூடப்போவதாக சோனி அறிவித்தது. எதிர்ப்பு வந்ததும் ஏப்ரலில் மற்ற இரண்டையும் விட்டுவைத்தார்கள், பிஎஸ்பியில் வாங்கும் வசதி மட்டும் ஜூலை 2 அன்று போய்விட்டது. ஏற்கெனவே வாங்கியதைத் திரும்ப இறக்கிக்கொள்ளலாம் என்றார்கள். அக்கா பையன் அப்பாவின் பழைய சிங்கப்பூர் கணக்கில் வாங்கிய கேம்கள் இருக்கின்றன என்று துள்ளினான். முயற்சி பண்ணினோம். பிஎஸ்பிக்குப் பழைய வகை வைஃபைதான் தெரியும். டபிள்யூபிஏ2 போட்ட இன்றைய ரவுட்டரோடு அது பேசவே பேசாது.

“காசு குடுத்து வாங்கினதுதானே மாமா, அது எப்படி நம்மளது இல்லாம போகும்?”

என்னிடம் நல்ல பதில் இல்லை. 2023 மார்ச் 27 அன்று நிண்டெண்டோ த்ரீடிஎஸ் கடையை மூடியபோதும் உலகம் முழுக்க இதே கேள்விதான். இதில் வேடிக்கை, பிஎஸ்பியை டபிள்யூபிஏ2 வைஃபையில் சேர்க்க இப்போது ஒரு ப்ளக்இன் இருக்கிறது. செய்தது சோனி இல்லை, ஹோம்ப்ரூ ஆட்கள். அதிகாரபூர்வக் கடையில் வாங்கியதை எடுத்துவரவே பூட்டு கழன்ற இயந்திரம் தேவைப்படுகிறது.

கடைசி அதிகாரபூர்வ ஃபர்ம்வேர் 6.61, 2015 ஜனவரியில் வந்தது. அதன் மேல் இப்போது ஏஆர்கே-4 என்ற கஸ்டம் ஃபர்ம்வேர் போடுகிறார்கள். நாங்களும் அதையே போட்டோம். நிஜமாகவே பத்து நிமிஷம். அதைவிட நேரம் எடுத்தது உப்பிப் போயிருந்த பேட்டரியை மாற்றுவது. பழைய மெமரி ஸ்டிக்குக்குப் பதில் மைக்ரோஎஸ்டி கார்டு அடாப்டர். அப்புறம் அலமாரியில் இருந்த யுஎம்டிகளை எல்லாம் வெளியே எடுத்தோம். யுஎம்டியின் பிளாஸ்டிக் கூடு நாளானால் பசை விட்டுப் பிரிந்துவிடும், சிலவற்றில் முன்பக்கக் கண்ணாடியே தனியாக வந்துவிட்டது. கஸ்டம் ஃபர்ம்வேரில் யுஎஸ்பி இணைப்பை ‘யுஎம்டி டிஸ்க்’ என்று மாற்றினால், வட்டு அப்படியே ஒரு ஐஎஸ்ஓ கோப்பாக லேப்டாப்பில் தெரியும். இழுத்துக் காப்பி பண்ண வேண்டியதுதான். பதினொன்றில் ஒன்பது தேறியது. நெட்டிலிருந்து எதுவும் இறக்கவில்லை. அவனுக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான்.

இதையெல்லாம் செய்துகொண்டிருக்கும்போதுதான் ஒரு விஷயம் உறுத்தியது. 2009–10 வாக்கில் இந்தியாவிலும் பிஎஸ்பிக்குக் கேம் செய்தார்கள். ஹைதராபாத் கேம்சாஸ்திராவின் ‘தேசி அட்டா’வில் கில்லி, கபடி, பட்டம் எல்லாம் உண்டு. மும்பை ட்ரைன் கேம்ஸின் ‘ஸ்ட்ரீட் கிரிக்கெட் சாம்பியன்ஸ்’ தெருக் கிரிக்கெட். விமர்சகர்கள் பாராட்டும் படைப்புகள் இல்லை, ஆனால் நம்ம ஊர்த் தெரு விளையாட்டு ஒரு சர்வதேச கன்சோலுக்குப் போன ஆரம்பக் காலச் சான்றுகள். ஃபைனல் ஃபேன்டஸியை ஸ்கொயர் எனிக்ஸ் பத்து தடவை மறுபதிப்பு போடும். கில்லிதாண்டலுக்கு யார் போடுவார்கள்?

உங்கள் வீட்டுப் பரணிலோ பழைய பேப்பர் கடையிலோ அந்த இரண்டில் ஏதாவது ஒரு யுஎம்டி கண்ணில் பட்டால் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். கூடு பிரிந்திருந்தாலும் வட்டில் கீறல் இல்லையென்றால் இன்னும் படிக்கும்.